மேகலாவின் கொம்பு இடம் மாறிய வரலாறு

பெரம்பலூர்–அரியலூர் கட்டற்ற மென்பொருள் பயனர் குழுமத்தின் பத்தாண்டு வரலாற்றை எழுதும் வேலையை என் தலையில் கட்டிவிட்டார்கள். ஆண்டு விழா மலருக்காம். ஏன் நான் என்று கேட்டேன். ஒற்றுப்பிழை இல்லாமல் எழுதுகிற ஒரே உறுப்பினர் நான்தானாம். கம்ப்யூட்டரைப் பற்றி எனக்கு ஒரு மண்ணும் தெரியாது என்பதை யாரும் குறையாக நினைக்கவில்லை. அரியலூரில் ஒரு சிமென்ட் ஆலையின் எடைமேடையில் லாரிகளுக்குச் சீட்டு எழுதுகிறவன் நான். என் மடிக்கணினியில் பாட்டு வைத்தால் சத்தம் வரவில்லை என்று கேட்கத்தான் குழுமத்தில் சேர்ந்தேன். இன்னும் வரவில்லை. பழகிவிட்டது.

பழைய பதிவுகளையெல்லாம் இணையதளத்தில் தோண்டிப் பார்த்தேன். வரலாறு என்று சொல்ல ஒரே ஒரு கேள்விதான் தேறியது. அதைக் கேட்டவள் கீழப்பழுவூர் மேகலா. மற்றதெல்லாம் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் தப்பிப்பதற்காக நடந்தவை. இதை மலரில் போட மாட்டார்கள். போகட்டும், நான் எழுதத்தான் போகிறேன்.

கட்டற்ற மென்பொருள் என்றால் யார் வேண்டுமானாலும் எடுத்துப் பயன்படுத்தலாம், பிரித்துப் பார்க்கலாம், மாற்றலாம், அடுத்தவருக்குக் கொடுக்கலாம். எந்தக் கம்பெனியும் வந்து சட்டையைப் பிடிக்காது. நல்ல விஷயம். அதோடு எனக்குச் சண்டையே இல்லை. அதைக் காப்பாற்றக் கிளம்பியவர்களோடுதான் சண்டை.

குழுமத்தைத் தொடங்கியவர்கள் இரண்டு பேர். ஒருவர் பெரம்பலூர் நல்லதம்பி, டியூஷன் சென்டர் நடத்துகிறார், தலைவர். இன்னொருவர் அரியலூர் தமிழழகன், வீட்டிலிருந்தபடியே சென்னைக் கம்பெனிக்கு வேலை பார்க்கிறார், செயலாளர். முதல் மாதங்கள் முழுக்க, பெயரில் எந்த ஊர் முன்னால் வருவது என்பதில் கழிந்தன. மாவட்டத்தையே பிரித்து, சேர்த்து, மறுபடி பிரித்துப் பார்த்த ஊர்க்காரர்கள் பெயரை மட்டும் சும்மா விடுவார்களா? அகரவரிசைப்படி அரியலூர்தான் முதல் என்றார் தமிழழகன். தாய் மாவட்டம் பெரம்பலூர்தான், பிள்ளை தாய்க்கு முன்னால் நடக்குமா என்றார் நல்லதம்பி. கடைசியில் பெயரில் பெரம்பலூர் முன்னால், மேடையில் அரியலூர் முன்னால் என்று உடன்பாடு ஆனது. அந்த உடன்பாடு இணையதளத்தின் முகப்பில் இன்றும் இருக்கிறது. புதிதாக வருகிறவர்கள் அதைப் படித்து முடித்தால்தான் உள்ளே போக முடியும்.

அடுத்து, குரும்பலூரில் ஒரு கல்யாண மண்டபத்தைப் பிடித்து 'விடுதலைத் திருவிழா' நடத்தினார்கள். கம்ப்யூட்டரைக் கொண்டுவந்தால் பழையதை அழித்துவிட்டுக் கட்டற்ற மென்பொருளைப் போட்டுத் தருவார்கள். வேகமும் கூடும் என்று நோட்டீஸில் இருந்தது. அந்த வேகத்தை நம்பித்தான் மேகலா வந்தாள். கீழப்பழுவூர் பஸ் ஸ்டாப்புக்குப் பக்கத்தில் ஜெராக்ஸ், டைப்பிங், பத்திரிகை அச்சு என்று சின்னக் கடை வைத்திருந்தாள். காதுகுத்து, கல்யாணம், கருமாதி, எல்லாப் பத்திரிகையும் அவளிடம்தான். கம்ப்யூட்டர் பெட்டியைப் பிள்ளையை வைத்திருப்பதுபோல மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்திருந்தாள்.

நல்லதம்பி அவளை மேடைக்குக் கூப்பிட்டு மைக்கைப் பிடித்தார்.

"அம்மா, இத்தன நாளா நீங்க அடிமையா இருந்தீங்க."

"இல்லீங்களே சார்," என்றாள் மேகலா. "சொந்தக் கடைதாங்க."

"அதச் சொல்லலம்மா. உங்க கம்ப்யூட்டரு அடிமையா இருந்துச்சு. இன்னியோட அதுக்கு விடுதலை."

"சரிங்க சார். பிரிண்ட்டு வருங்களா?"

நல்லதம்பி கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினார். "பாத்தீங்களா? விடுதலை வாசல்ல வந்து நிக்கிது, இவங்க பிரிண்ட்டு வருமான்னு கேக்குறாங்க! இந்த மனநிலையத்தான் மாத்தணும்ங்கறேன்!"

கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆனது. நானும் தட்டினேன். மேகலாவும் தட்டினாள், பாவம்.

கடைக்குப் போய் முதலில் அவள் அடித்தது தன் கல்யாணப் பத்திரிகை. மாப்பிள்ளை உடையார்பாளையம் பக்கம், பெயர் சரத்குமார். திரையில் எல்லாம் சரியாக இருந்தது. தாளில் 'சரத்குமார்' கண்ணாடிபோல வந்தது. 'மேகலா' மட்டும் 'மகேலா' என்று வந்தது. 'மே'யில் இருக்க வேண்டிய கொம்பு ஓர் எழுத்து தள்ளிப் போய் 'க'வுக்கு முன்னால் உட்கார்ந்துகொண்டது. கொம்பு இருக்கிற எழுத்துக்கெல்லாம் இதே கதி. கொம்பு இல்லாத எழுத்துக்கு ஒரு கேடும் இல்லை.

அன்றே அவள் குழுமத்தின் தளத்தில் எழுதினாள். அந்த வரலாற்றுக் கேள்வி இதுதான்: "சார் வணக்கம். இலவச மென்பொருள் போட்டதுலேர்ந்து மேகலான்னு அடிச்சா மகேலான்னு வருது. என் கல்யாணப் பத்திரிகை. சீக்கிரம் சொல்லுங்க சார்."

பதில்கள் கொட்டின. முதல் பதில் நல்லதம்பியுடையது: "சகோதரி, 'இலவச' என்று எழுதாதீர்கள். இலவசம் வேறு, கட்டற்றது வேறு. திருத்தி எழுதவும்." அதற்குக் கீழே ஒருவர் 'கட்டற்ற' என்பதைவிட 'தளையறு' என்பதே சரி என்றார். இன்னொருவர் 'கட்டிலா' என்றார். 'கட்டிலா' என்றால் படுக்கிற கட்டிலா என்று வேறொருவர் கேட்டார். அது பெரிய சண்டையாகி, மூன்று பேர் குழுமத்தை விட்டு விலகி, அதில் ஒருவர் விலகுவதற்கான காரணங்களை நீண்ட கட்டுரையாக எழுதி, அதற்கு மறுப்பும் வந்தது. எடைமேடையில் லாரிக்காரர் சீட்டு கேட்கும்போது 'சீட்டு' தமிழ்ச்சொல்லா என்று நான் விசாரித்துக்கொண்டிருந்தால் என்னைத் தூக்கிப் போட்டு மிதிப்பார்கள். இணையத்தில் மிதிக்க ஆள் இல்லை.

தமிழழகனின் பதில் ஒரே வரி: "எனக்குச் சரியாக வருகிறதே." ஆதாரமாகத் தன் பெயரை அச்சடித்துப் படம் எடுத்துப் போட்டிருந்தார். தமிழழகன், அரியலூர். கொம்பே கிடையாது. எப்படித் தப்பாக வரும்?

மேகலா நல்லதம்பிக்கே போன் போட்டாள். இதை அவளே பின்னால் எனக்குச் சொன்னாள்.

"சார், புண்ணியமாப் போவும், பழசையே போட்டுக் குடுத்துடுங்க சார்."

"அதெப்படிம்மா? விடுதலையானவங்கள மறுபடி ஜெயில்ல தள்ளுறது நம்ம கொள்கையிலயே இல்லியே."

பழையதைப் போட்டுக் கொடுத்த திருச்சிப் பையன் துபாய்க்குப் போய்விட்டிருந்தான். வெளியே கொடுத்து அடி என்று அவள் அப்பா சொன்னார். "ஊருக்கெல்லாம் பத்திரிக அடிச்சவ, எம் பத்திரிகைய வெளில குடுத்தா நாளைக்கு எவன்ப்பா எங்கடைக்கு வருவான்?" என்று பிடிவாதம் பிடித்தாள். பதில் வந்துவிடும் என்று கடைசிவரை நம்பினாள். வரவில்லை. பத்திரிகை 'மகேலா' என்றே ஊரெல்லாம் போனது.

தாலி கட்டி முடிந்ததும் மாப்பிள்ளையின் அத்தை முத்தாயி பத்திரிகையைக் கையில் விரித்துக்கொண்டு மணமேடைக்கே வந்துவிட்டாள். "ஏன்டா சரத்து, பத்திரிகயில மகேலான்னு போட்ருக்கு, இவ மேகலாங்கறா. பொண்ண மாத்திக் கித்திக் குடுத்துட்டாங்களா?" மண்டபமே சிரித்தது. அன்றிலிருந்து புகுந்த வீட்டில் அவள் பெயர் மகேலாதான். மாமியார் கோபத்தில் கூப்பிட்டாலும் மகேலா, கொழுந்தன் கொஞ்சிக் கூப்பிட்டாலும் மகேலா. அவளும் சிரித்துக்கொண்டேதான் திரும்பிப் பார்ப்பாள். ஆனால் அந்தப் பெயரைக் கேட்கும்போதெல்லாம் சுருக்கென்று இருக்கும் என்றாள். "எங்கம்மா ஆசயா வச்ச பேருங்க சார். அவங்களும் இப்ப இல்ல."

அவள் அம்மா பெயர் வேணி. கல்யாணத்துக்கு முந்தின வருஷம் இறந்துபோனவர். பெண் குழந்தை பிறந்தால் அம்மா பெயரைத்தான் வைக்க வேண்டும் என்பது அவள் நெஞ்சில் வைத்திருந்த ஆசை.

குழுமத்தில் இதற்குள் பிளவு வந்துவிட்டது. மேகலாவின் கேள்வியைப் படித்துவிட்டு நல்லதம்பி சும்மா இராமல் தன் ஊர்ப்பெயரை அச்சடித்துப் பார்த்தார். 'பரெம்பலூர்' என்று வந்தது. அரியலூரை அடித்துப் பார்த்தார். சுத்தமாக வந்தது. அவ்வளவுதான், இது அரியலூர்க்காரர்களின் சதி என்று அறிக்கை விட்டார். தமிழழகன் எதிரறிக்கை விட்டார்: "குறை மென்பொருளில் இல்லை. அரியலூர் என்று அடித்துப் பாருங்கள், மணிமணியாக வருகிறது. குறை ஊரின் பெயரில் இருக்கிறது." குழுமம் இரண்டானது. கிளை பிரிவது கட்டற்ற உலகின் அழகு என்று இரண்டு பக்கமும் விழா எடுத்தார்கள். இரண்டு விழாவுக்கும் எனக்கு அழைப்பு வந்தது. ஒரே சமோசாக்கடையில்தான் வாங்கியிருந்தார்கள்.

மேகலாவின் கேள்வி யாருக்குச் சொந்தம் என்பதில் வழக்கு வந்தது. அவள் கடை இருப்பது கீழப்பழுவூர், அது அரியலூர் மாவட்டம். விடுதலை நடந்தது குரும்பலூர், அது பெரம்பலூர் மாவட்டம். பிறந்த இடமா, வாழ்கிற இடமா என்று ஒரு வருஷம் வாதாடினார்கள். அந்த நேரத்தில் மேகலாவுக்கு வளைகாப்பு. மறுபடியும் பத்திரிகை, மறுபடியும் மகேலா. நிறைமாத வயிற்றோடு கடையில் உட்கார்ந்து, கோபம் தலைக்கேறி, தளத்தில் ஒரே வரி எழுதினாள்: "உங்களுக்கெல்லாம் என்ன கொம்பா முளைச்சிருக்கு?"

இதற்கு மட்டும் உடனே பதில் வந்தது. "கொம்பு இடம் மாறுவது ஒரு வழு, கொம்பு முளைப்பது வேறொரு வழு," என்று எழுதினார் தமிழழகன். "இரண்டையும் ஒரே கேள்வியில் கேட்கக்கூடாது. முளைப்பதைத் தனிக் கேள்வியாகப் பதியவும். எந்தப் பதிப்பில் முளைக்கிறது என்பதையும் குறிப்பிடவும்."

அவள் அதைப் படித்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாளாம். அப்புறம் அழுதாளாம். அதற்குப் பிறகு அவள் எதுவும் எழுதவில்லை.

கடையை மூட முடியாதே. மேகலா வேறு வழி பார்த்தாள். பத்திரிகை அடிக்க வருகிறவர்களிடம், "கொம்பு இல்லாம சொல்லுங்கண்ணே," என்று கேட்கத் தொடங்கினாள். தேதி என்பது நாள் ஆனது. நேரம் என்பது மணி ஆனது. செல்வி என்பது குமாரி ஆனது. பேத்தி என்று போட முடியாமல் 'மகன் வழி வந்த சிறுமி' என்று போட்ட காதுகுத்துப் பத்திரிகை ஒன்றை நான் பார்த்திருக்கிறேன். ஆட்களின் பெயருக்கு மட்டும் ஒன்றும் செய்ய முடியவில்லை. சேகர் என்று பெயர் வைத்தவர்களெல்லாம் பஸ் ஏறி அரியலூருக்குப் போனார்கள். அவள் கடைக்குக் கொம்பு இல்லாதவர்கள் மட்டும் வந்தார்கள்.

பத்தாம் ஆண்டு நெருங்கியதும், பிரிந்த குழுமங்கள் மறுபடி ஒன்றாயின. கொள்கையில் ஒன்றுபட்டார்கள் என்று மலரில் இருக்கும். இரண்டு விழாவுக்கும் ஆள் வராததுதான் காரணம். அரியலூரில் ஒரு ஏசி ஹாலில் விழா. மேகலாவுக்கு விருதாம்! குழுமத்தில் மிக நீண்ட காலம் உயிரோடு இருக்கும் கேள்விக்கான விருது. அழைக்க வேண்டிய பொறுப்பு வரலாற்றுக் குழு என்ற முறையில் என் தலையில் விழுந்தது. "பதில் சொல்றாங்களா சார்?" என்று கேட்டாள். என்னால் பொய் சொல்ல முடியவில்லை. "வந்து பாரும்மா," என்றேன். பெண் குழந்தையைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தாள்.

தலைவர் நல்லதம்பியின் உரையை நான் சுருக்காமல் தருகிறேன், சுருக்கினால் நம்ப மாட்டீர்கள்.

"பத்து வருஷத்துல எத்தனையோ குழுமம் வந்துச்சு, போச்சு. ஏன் போச்சு? கேள்விக்கு உடனே பதில் சொன்னாங்க. பதில் கெடச்சவன் போயிட்டான்! அப்பறம் எதுக்கு இருக்கப் போறான்? நாம அந்தத் தப்ப செய்யல. நம்மகிட்ட கேள்வி கேட்டவன் ஒருத்தன்கூடப் பதிலோட வெளில போனது கெடயாது. அதனாலதான் இன்னிக்கும் நாம இருக்கோம்!"

ஹால் அதிரக் கைதட்டினார்கள். நான் தலையில் அடித்துக்கொண்டேன். அதையும் கைதட்டல் என்று நினைத்துப் பக்கத்தில் இருந்தவர் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

தமிழழகன் எழுந்து சான்றிதழைக் கொடுத்தார். கட்டற்ற மென்பொருளிலேயே வடிவமைத்து, கட்டற்ற மென்பொருளிலேயே அச்சடித்தது என்று பெருமையாகச் சொன்னார். மேகலா அதை வாங்கிப் பார்த்தாள். நானும் எட்டிப் பார்த்தேன். மேலே 'பரெம்பலூர்–அரியலூர்'. நடுவில் பெரிய எழுத்தில் 'மகேலா'. கீழே தமிழழகன், நல்லதம்பி, இரண்டு பெயரும் கொம்பில்லாமல் பளிச்சென்று.

"சார், எம்பேரு தப்பா இருக்குங்க."

தமிழழகன் வாங்கிப் பார்த்தார். வியர்த்தது. ஆனாலும் செயலாளர் செயலாளர்தான். "சான்றிதழ மாத்தணும்னா செயற்குழு கூடித் தீர்மானம் போடணும்மா. ஆனா நீங்க கவலப்படாதீங்க. பதிவுல இருக்குற பேர நானே மாத்திருவேன், அது சுளுவு. அப்ப ரெண்டும் ஒண்ணாயிடும்ல?"

நல்லதம்பி நிலைமையைச் சமாளிக்கக் குழந்தையைத் தூக்கி மைக்குக்கு முன்னால் நிறுத்தினார். "பாப்பா பேரு என்ன? சத்தமாச் சொல்லு!"

"சிந்து."

"அருமையான பேரு! யாரும்மா வச்சது?"

"நாந்தாங்க," என்றாள் மேகலா. மைக் அவள் குரலை ஹால் முழுக்கக் கொண்டுபோனது. "வேணின்னு எங்கம்மா பேரத்தான் வைக்கணும்னு கெடந்தேங்க. அதுலயும் கொம்பு இருக்கு. என்னய மகேலாங்கறாங்க, நான் பொறுத்துக்கறேன். எங்கம்மா பேரயும் அப்படிக் கூப்புட்டா என்னால தாங்க முடியாதுங்க. அதான் கொம்பு இல்லாத பேராப் பாத்து வச்சிட்டேன்."

ஒரு தாயின் பெயரைப் பேத்திக்கு வைக்க முடியாமல் செய்துவிட்டோமே, பாவிகளா என்று கத்தலாம்போல இருந்தது. இனிமேலாவது யாராவது வாய் திறந்து ஏதாவது சொல்வார்கள் என்று பார்த்தேன்.

தமிழழகன் முகம் மலர்ந்தது. "தோழர்களே! பயனரே மாற்று வழி கண்டுபிடிச்சிட்டாங்க!" என்றார். முன்வரிசை எழுந்து நின்று கைதட்டியது. அவர் மேடையிலேயே போனை எடுத்து எதையோ தட்டினார்.

மேகலா குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள். சான்றிதழை மேஜையிலேயே விட்டுவிட்டாள். நான் வாசல்வரை கூடவே போனேன். அப்போது அவள் கைப்பையில் போன் சிணுங்கியது. எடுத்துப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினாள். குழுமத்தின் தளத்திலிருந்து வந்திருந்தது.

"அன்புள்ள மகேலா, உங்கள் கேள்வி தீர்ந்தது. தீர்வு: கொம்பில்லாத பெயர் வைக்கவும்."